அறுபது பேருக்கு இறைச்சி வேகவைப்பது

(குடியிருப்போர் சங்கத்தின் மாதக் கூட்டத்தில் பேசியது. பலர் கேட்டுக்கொண்டதால் செய்திமடலுக்காக எழுதித் தந்திருக்கிறேன்.)



முப்பத்தாறு வருடம் வங்கியில் கிளார்க்காக உட்கார்ந்தவன் நான். பேசிப் பழக்கமில்லை, கூட்டிக் கழித்துத்தான் பழக்கம். செயலாளர் சொன்னதால் நிற்கிறேன். விஷயம் உங்களுக்குத் தெரிந்ததே. நம் குடியிருப்பின் கிறிஸ்துமஸ் மதியச் சாப்பாட்டில் மாட்டிறைச்சியும் மரச்சீனிக் கிழங்கும் செய்யும் பொறுப்பு இத்தனை வருடமும் என்னிடம் இருந்தது. இந்த வருடம் முழங்கால் ஒத்துழைக்கவில்லை. நாலு மணி நேரம் அடுப்படியில் நிற்காதே என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஏ பிளாக், சி பிளாக் தம்பிகள் மூன்று பேர் துடுப்பைக் கையில் எடுக்கிறேன் என்று முன்வந்திருக்கிறார்கள். அவர்களுக்காகத்தான் இந்தப் பேச்சு. மற்றவர்களும் கேளுங்கள். வீட்டில் இருபது பேர் கூடினாலும் இதே கணக்குதான்.

முதலில் ஒரு சொல். எங்கள் கன்னியாகுமரி மாவட்டத்தில் இறைச்சி என்றால் இறைச்சி, கறி என்றால் குழம்பு. சென்னைக்கு வந்த புதிதில் "கறி என்ன விலை?" என்று கேட்டபோது, குழம்பை எதற்கு நிறுத்து விற்கிறார்கள் என்று முழித்தேன். அதனால் நான் இறைச்சி என்றே சொல்கிறேன், பழகிக்கொள்ளுங்கள்.

நம் ஊர் மாட்டிறைச்சி ஏன் வேக இவ்வளவு நேரம் எடுக்கிறது? வெளிநாட்டு வீடியோவைப் பார்த்து அதே நேரத்தில் இறக்கிவிட்டு, ரப்பர் மாதிரி இருக்கிறது என்று என்னிடம் வந்தவர்கள் இந்த அரங்கிலேயே இருக்கிறார்கள். அங்கே இறைச்சிக்கென்றே வளர்த்த மாட்டைப் பெரும்பாலும் இரண்டு வயதுக்குள் அறுத்துவிடுகிறார்கள். இங்கே 1958-ஆம் வருடச் சட்டம் இருக்கிறது. பொதுவாகப் பத்து வயதைத் தாண்டி, உழைப்புக்கும் இனவிருத்திக்கும் உதவாது என்று சான்று வாங்கிய மாட்டைத்தான் அறுக்கலாம். ஏர் இழுத்து, வண்டி இழுத்து, நடந்து நடந்து உரமேறிய சதை அது. சதையைக் கட்டிப்பிடித்து வைத்திருக்கும் வெள்ளை ஜவ்வு, அதாவது கொலாஜன், வயதாக ஆக இறுகிக்கொள்ளும். எழுபது, எண்பது டிகிரி சூட்டில் மணிக்கணக்காக இருந்தால்தான் அது கரைந்து வழவழப்பான ஜெலட்டினாக மாறும். விரலில் ஒட்டுகிறதே, அந்தக் குழம்புப் பிசுக்கு அதுதான்.

ஆகவே கடையில் ஜவ்வில்லாத தொடைச் சதையாகப் பார்த்துக் கேட்காதீர்கள். அது சீக்கிரம் வறண்டு நார் நாராகப் போகும். நெஞ்சுப் பகுதி, கழுத்து, முன்னங்கால் கெண்டைச் சதை, இவைதான் வேண்டும். பார்க்க அழகாக இருக்காது. பன்னிரண்டு கிலோ வாங்கினால் அதில் இரண்டு கிலோ எலும்போடு இருக்கட்டும். வெந்தபின் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் எடை குறைந்துவிடும். அதுபோக, ஆளுக்கு நூறு கிராமுக்குச் சற்றுக் கூடுதலாக நிற்கும். மற்ற பதார்த்தங்களும் இருப்பதால் அறுபது பேருக்கு அது போதும். துண்டு ஒன்றரை அங்குலம் இருக்கட்டும், எல்லாம் ஒரே அளவில். சிறிதும் பெரிதுமாக வெட்டி வாங்கினால் ஒன்று கரையும், ஒன்று கடிக்காது.

சாமான் கணக்கை எழுதிக்கொள்ளுங்கள். சின்ன வெங்காயம் 3 கிலோ, இஞ்சி 300 கிராம், பூண்டு 400 கிராம், மஞ்சள் தூள் 30 கிராம், தேங்காய் எண்ணெய் முக்கால் லிட்டர். வறுத்து அரைக்க மல்லி 400 கிராம், வற்றல் மிளகாய் 200 கிராம், மிளகு 100 கிராம், சோம்பு 60 கிராம், தேங்காய் 6. கறிவேப்பிலை கை நிறைய. உப்பு முதலில் 150 கிராம், மீதியைக் கடைசியில் ருசி பார்த்துப் போடலாம். உப்பை முதலிலேயே போட்டால் இறைச்சி இறுகிவிடும் என்பார்கள், நான் அப்படிப் பார்த்ததில்லை. பட்டை, கிராம்பு, ஏலக்காயை மட்டும் பன்னிரண்டு மடங்கு பெருக்காதீர்கள், எட்டு மடங்கு போதும். பெருக்கல் எல்லா இடத்திலும் செல்லாது என்று நான் தெரிந்துகொண்டது அடுப்படியில்தான்.

பாத்திரம் நாற்பது லிட்டர் தேக்சா, அடி கனமானது, வாடகைக் கடையில் கிடைக்கும். அடுப்புக்கும் தேக்சாவுக்கும் நடுவில் ஒரு பழைய இரும்புத் தோசைக்கல்லை வையுங்கள். தீ ஒரே இடத்தில் குத்தாது. இரண்டாவது சிலிண்டர் பக்கத்திலேயே இருக்கட்டும். குக்கரில் வைத்தால் சீக்கிரம் முடியுமே என்று ஒரு தம்பி கேட்டார். முடியும். ஆனால் வீட்டு குக்கரில் மூன்று கிலோவுக்கு மேல் போட முடியாது. நாலு குக்கர் நாலு பதத்தில் வரும், கலந்தால் தாறுமாறு.

காலை ஏழு மணிக்கு அடுப்பு பற்ற வேண்டும். வெங்காயம், இஞ்சி, பூண்டு வதங்கியதும் இறைச்சி, மஞ்சள், உப்பு. கொஞ்ச நேரத்தில் இறைச்சி தானாகத் தண்ணீர் விடும், லிட்டர் கணக்கில் விடும். பயந்து தீயை ஏற்ற வேண்டாம். அதோடு இரண்டு லிட்டர் வெந்நீர் மட்டும் சேர்த்து மூடுங்கள். ஒருமுறை கொதி வந்ததும் தீயைக் குறைத்துவிடுங்கள். தளதளவென்று கொதிக்கக் கூடாது. ஓரத்தில் மட்டும் அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குமிழ் வர வேண்டும்.

இனி சொல்வதைத் தம்பிகள் நன்றாகக் கேளுங்கள். ஒன்பதரை மணி வாக்கில் ஒரு துண்டை எடுத்துக் கடித்துப் பார்ப்பீர்கள். போட்டபோது இருந்ததைவிடக் கடினமாக இருக்கும். அது சரிதான். சதை நார் சூட்டில் முதலில் சுருங்கிவிடுகிறது, ஜவ்வு கரைவது அதற்குப் பிறகுதான். இந்த இடத்தில்தான் எல்லோருக்கும் கை பதறும். "அங்கிள், வேகவே இல்லை" என்று போன் வரும். தீயைக் கூட்டுவீர்கள், யாராவது பப்பாளிக்காயை அரைத்துக் கொட்டச் சொல்வார்கள். இரண்டும் வேண்டாம். தீயைக் கூட்டினால் சதை இன்னும் பிழிந்து சாற்றை விட்டுவிடும். பப்பாளி முன்கூட்டியே புரட்டி வைப்பதற்குத்தான் உதவும். கொதிக்கும் குழம்பில் அதன் சக்தி போய்விடும், வாசனை மட்டும் மிஞ்சும். ஒன்றும் செய்யாமல் உட்கார்ந்திருங்கள். அரை மணிக்கொருமுறை துடுப்பை அடிவரை விட்டு ஒருதரம் புரட்டினால் போதும். தண்ணீர் குறைந்தால் வெந்நீர்தான், பச்சைத் தண்ணீர் கூடாது.

பதினொன்றரைக்கு மேலே ஒரு துண்டு, நடுவில் ஒன்று, அடியில் ஒன்று என மூன்று எடுங்கள். கட்டில் முதல் நோட்டை மட்டும் பார்த்து ஓகே போடும் கேஷியரை நான் நம்பியதில்லை. கரண்டி முனையால் அழுத்தினால் துண்டு பிளக்க வேண்டும், ஆனால் நூலாகப் பிரியக் கூடாது. மூன்றும் அப்படி இருந்தால் வறுத்து அரைத்த மசாலாவைச் சேர்க்கலாம். தேங்காய் அடிப்பிடிக்கும் என்பதால்தான் அதைக் கடைசி அரை மணிக்கு வைத்திருக்கிறோம். மாடு வயதானதாக இருந்தால் இன்னும் ஒரு மணி நேரம் பிடிக்கலாம். அதைச் செயலாளரிடம் முன்பே சொல்லி, கேரல் பாட்டில் இரண்டைக் கூட்டிவிடுங்கள்.

கிழங்கைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. தோலுரித்து நிறையத் தண்ணீரில் வேகவைத்து, அந்தத் தண்ணீரை வடித்துக் கொட்டிவிடுங்கள். வேறு எதற்கும் எடுக்காதீர்கள்.

இவ்வளவு கஷ்டப்பட்டு அன்று காலையில் எதற்கு? முந்தின நாள் இரவே செய்து வைத்தால் ருசியும் கூடுமே என்று கேட்டீர்கள். ருசி கூடும் என்பது உண்மை. நானும் அப்படிச் செய்தவன்தான்.

2011-இல் ஊரில் என் தங்கை மகள் கல்யாணம். முந்தின நாள் மதியம் சொந்தக்காரர்களுக்குச் சாப்பாடு, சமையல் மேற்பார்வை நான். காலையில் வேலை குறையட்டும் என்று அதற்கு முந்தின இரவே பதினான்கு கிலோவை வேகவைத்து, பதினோரு மணிக்கு இறக்கி, மூடி, சூடு போகாமல் இருக்க மேலே சாக்கு வேறு போட்டுப் போர்த்தினேன். மறுநாள் மதியம் மேலே ஆவி வரும் அளவுக்குச் சுடவைத்துப் பரிமாறினோம். எல்லோரும் கேட்டுக் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்கள். இரவு ஒன்பது மணிக்கு ஒருவருக்கு வயிற்று வலி. விடிவதற்குள் முப்பது பேருக்கு மேல் வயிற்றுப்போக்கு. கல்யாணப் பெண் தப்பித்தாள், அவள் பதற்றத்தில் சாப்பிடவில்லை. எழுபத்தொன்பது வயது என் அம்மாவுக்கு இரண்டு நாள் ட்ரிப் ஏறியது. பேத்தி கல்யாணத்தை அம்மா பார்க்கவில்லை.

நான் இறைச்சிக் கடைக்காரரைப் போனில் கூப்பிட்டு, கெட்ட இறைச்சியைக் கொடுத்தாயா என்று கத்தினேன். அவர் பதில் பேசவே இல்லை. அம்மா படுத்திருந்த வார்டில் இருந்த நர்ஸ், என் சொந்தக்காரப் பெண், "மாமா, எப்போது இறக்கினீர்கள், எதில் வைத்தீர்கள்?" என்று கேட்டாள். சொன்னேன். அவள்தான் விளக்கினாள். க்ளாஸ்ட்ரிடியம் பெர்ஃப்ரிஞ்சன்ஸ் என்று ஒரு கிருமி. அதன் வித்துகள் கொதியில் சாகாது. பெரிய பாத்திரத்தின் நடுப்பகுதி ஆற ஏழெட்டு மணி நேரம் ஆகும். அந்த இளஞ்சூட்டில், காற்றுப் புகாத கெட்டிக் குழம்புக்குள், அது மளமளவென்று பெருகும். வாடை வராது, ருசியும் மாறாது. சாப்பிட்ட ஆறு மணி முதல் இருபத்துநாலு மணிக்குள் வயிற்றைப் பிடிக்கும். மறுநாள் மேலாகச் சுடவைத்தது அதைக் கொல்லவில்லை. நான் போர்த்திய சாக்கு அதற்குத்தான் உதவியது.

அம்மா வீட்டுக்கு வந்தபின் அந்தக் கடைக்காரரை நேரில் பார்த்து மன்னிப்புக் கேட்டேன். "விடுங்க சார்" என்றார். அதற்குப் பிறகு ஊருக்குப் போகும்போதெல்லாம் அவரிடம்தான் வாங்குகிறேன். இருந்தாலும் அவர் எடை போடும்போது அவர் முகத்தைப் பார்க்க எனக்கு இன்றும் கூச்சம்தான்.

அதனால் இங்கே அன்றைக்கே செய்கிறோம். பரிமாறும்போதும் தேக்சாவின் அடியில் சிறு தீ எரிய வேண்டும். இரண்டரை மணிக்கு அடுப்பை அணைத்துவிட வேண்டும். பார்சல் வேண்டுமென்பவர்கள் அதற்குள் டிபன் பாக்ஸோடு வந்துவிடுங்கள். மாலை ஐந்து மணிக்கு "கொஞ்சம் மிச்சம் இருக்கா?" என்று குரூப்பில் கேட்டால் இல்லை என்றுதான் பதில். வீட்டில் முந்தின நாளே செய்தே ஆகவேண்டும் என்றால், இறக்கியதும் அகலத் தட்டுகளில் இரண்டு அங்குல உயரத்துக்கு மேல் போகாமல் பரப்பி, இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜில் வையுங்கள். மறுநாள் அடிவரை கொதிக்கவிட்டுப் பரிமாறுங்கள்.

இன்னொன்று. இங்கே சாப்பிடுகிறவர்களும் உண்டு, சாப்பிடாதவர்களும் உண்டு. முதல் வருடம் நான் பலகை வைக்க மறந்துவிட்டேன். பி பிளாக் பெரியவர் ஒருவர் ஆட்டிறைச்சி என்று நினைத்துத் தட்டில் வாங்கிக்கொண்டு உட்கார்ந்தார். வாயில் வைக்கும் முன் யாரோ சொல்லிவிட்டார்கள். அவர் ஒரு வார்த்தை பேசவில்லை. தட்டை அப்படியே வைத்துவிட்டுக் கை கழுவப் போனார். அன்று மாலை அவர் வீட்டுக்குப் போய்ப் பேசினேன். காபி கொடுத்தார், அடுத்த வருடமும் சாப்பாட்டுக்கு வந்தார். பெரிய எழுத்துப் பலகை, தனி மேசை, தனிக் கரண்டி எல்லாம் அதிலிருந்துதான். சைவச் சமையல் ஜெனரேட்டர் அறைப் பக்கம், இது பின் கேட் பக்கம். கரண்டி இந்த மேசையிலிருந்து அந்த மேசைக்குப் போகாமல் பார்த்துக்கொள்ள ஒரு ஆள் வேண்டும். எனக்கு நாற்காலி போட்டால் அந்த வேலையை நான் செய்கிறேன்.

தேக்சாவுக்கும் பெரிய பர்னருக்கும் முன்பணம் கட்டியாகிவிட்டது, ரசீது செயலாளரிடம் இருக்கிறது. வெங்காயம் உரிக்க முந்தின நாள் மாலை ஆறு மணிக்கு கிளப் ஹவுஸுக்கு வாருங்கள். மூன்று கிலோ சின்ன வெங்காயம் மூன்று பேரால் ஆகாது. கத்தியை வீட்டிலிருந்து கொண்டுவாருங்கள், போன வருடம் சங்கத்துக் கத்தி இரண்டு காணாமல் போயிற்று.