சவரக் கத்தியும் சட்ட நூலும்



வெள்ளி விழாக் காணும் இவ்வவையில் ஜார்ஜ் லூயிஸ் ரஃபின் என்னும் அமெரிக்கரைப் பற்றிப் பேச விழைகின்றோம். கறுப்பின விடுதலைக்குக் குரல் கொடுத்த பிரடெரிக் டக்ளசை நாம் அறிவோம். அவர் தன்வரலாற்றை 1881ஆம் ஆண்டில் விரித்து வெளியிட்டபோது அதற்கு முன்னுரை வரைந்தவரே ரஃபின்.

1834இல் வர்ஜீனியா மாநிலத்து ரிச்மண்ட் நகரில், அடிமைத்தளையில்லாக் கறுப்பர் குடும்பத்தில் அவர் பிறந்தார். காலில் தளையில்லை, ஆயினும் கறுப்பர்கள் கூடி எழுதப் படிக்கக் கற்பதை அம்மாநிலம் 1831ஆம் ஆண்டிலேயே சட்டமியற்றித் தடுத்திருந்தது. 1853இல் குடும்பம் வடக்கே பாஸ்டன் நகரை அடைந்தது. அன்னையார் நான்சி மீனும் பழமும் விற்று மக்களை வளர்த்தார். பாஸ்டனும் பொன்னுலகம் அன்று. கறுப்பர் பிள்ளைகளுக்குத் தனிப்பள்ளி என்னும் வழக்கம் அங்கே 1855இல்தான் சட்டத்தால் ஒழிந்தது. அதற்கு அஞ்சியே, பின்னாளில் ரஃபினின் துணைவியாரான ஜோசபினை அவர்தம் பெற்றோர் சேலம் என்னும் வேற்றூர்ப் பள்ளிக்கு அனுப்பியிருந்தனர். (நம் சேலம் அன்று, அந்நாட்டிலும் ஒரு சேலம் உண்டு.)

கறுப்பர் அந்நாட்டுக் குடிமக்களாக இயலாது என 1857இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அடுத்த ஆண்டு மணந்த இவ்விருவரும் மனம் வெதும்பி இங்கிலாந்தின் லிவர்பூல் நகருக்கே சென்றுவிட்டனர். ஆயினும் திரும்பினர். உள்நாட்டுப் போரில் கறுப்பர் படைக்கு ஆள் சேர்த்தனர்.

ரஃபினின் பிழைப்போ முடிதிருத்தும் தொழில். பகலில் கையில் கத்தி. ஓய்ந்த வேளையில் சட்ட நூல். இரவுப் பாடசாலையில் "நேரமில்லை ஐயா" என்னும் இளைஞரைக் கடிந்துகொள்ள இதனைக் கூறவில்லை. உழைத்துக் களைத்த கைக்குப் புத்தகம் எத்துணைக் கனம் என்பதை ஆசிரியராகிய நாம் கண்டிருக்கின்றோம். அந்தக் கனத்தைத் தூக்கியே அவர் ஹார்வர்டு சட்டப் பள்ளியை அடைந்தார். 1869இல் அங்குப் பட்டம் பெற்ற முதற் கறுப்பரானார். அப்போது அவருக்கு வயது முப்பத்து நான்கு!

அவ்வாண்டே மாநிலச் சட்டமன்றத்திற்குத் தேர்வானார். பின்னர் பாஸ்டன் நகர மன்றத்திலும் அமர்ந்தார். பதவிகளை அடுக்குவது நம் நோக்கமன்று. ஆனால் 1883இல் நிகழ்ந்ததைச் சொல்லியாக வேண்டும். சார்ல்ஸ்டவுன் நீதிமன்றத்திற்கு ஆளுநர் பட்லர் முதலில் எட்வின் வாக்கர் என்னும் கறுப்பின வழக்கறிஞரின் பெயரை முன்மொழிந்தார். ஆளுநர் குழுவினர் அதனை ஏற்க மறுத்தனர். அதன்பின் ஆளுநர் முன்வைத்ததும் ஒரு கறுப்பரின் பெயரே. அதுவே ரஃபினின் பெயர். இம்முறை குழு இசைந்தது. மாசசூசெட்ஸ் மாநிலத்தில் கறுப்பர் ஒருவர் நீதிபதியாய் அமர்ந்தது அதுவே முதல் முறை. வாக்கரின் தகுதியில் குறை இருந்ததாக நாம் கருதவில்லை. ஒருவர் தள்ளப்பட்ட கதவின் வழியேதான் மற்றொருவர் நுழைந்தார்.

மூன்றே ஆண்டுகளில், 1886இல், நீதிபதியாக இருக்கையிலேயே அவர் மறைந்தார். பெரும்பொருள் ஏதும் விட்டுச் செல்லவில்லை. மகள் பிளாரிடா பாஸ்டன் நகரப் பள்ளியில் ஆசிரியையாகப் பணிபுரிந்தார். கைம்பெண்ணான ஜோசபின் 1894ஆம் ஆண்டு முதல் கறுப்பினப் பெண்களுக்கென ஓர் இதழை அந்நகரிலேயே நடத்தினார்.