இருபது நிமிட விசாரணை



பத்தாம் வகுப்பில் முதல் உலகப்போரை நடத்தும்போது கூட்டணிகள், உடன்படிக்கைகள், ஆண்டுகள் என்றே பாடவேளை ஓடிவிடுகிறது. அதில் பத்து நிமிடத்தை நான் ஹாரி ஃபார் என்ற சிப்பாய்க்கு ஒதுக்கிவிடுவேன்.

வெஸ்ட் யார்க்ஷயர் படைப்பிரிவைச் சேர்ந்த பிரிட்டிஷ் வீரர் அவர். பிரான்சின் பதுங்குகுழிகளில் இடைவிடாத குண்டுவெடிப்பில் மனம் நொறுங்கி, 1915இல் ஐந்து மாதம் மருத்துவமனையில் கிடந்தார். கை நடுக்கத்தால் பேனா பிடிக்க முடியவில்லை. மனைவி கெர்ட்ரூடுக்கான கடிதங்களைச் செவிலியர்தான் எழுதிக் கொடுத்தார். பிறகு மீண்டும் களத்துக்கு அனுப்பினார்கள்.

1916 செப்டம்பர், சோம் போர். முன்னணிக்குப் போக இயலாது என்றார் ஹாரி. உடம்பில் காயம் இல்லையே என்று மருத்துவ முகாமில் திருப்பி அனுப்பினார்கள். கோழைத்தனம் என்று வழக்கு. விசாரணை சுமார் இருபது நிமிடம்தான். அவருக்காக வாதாட ஒருவரும் இல்லை. முன்பு சிகிச்சை தந்த மருத்துவரும் காயமுற்றிருந்ததால் சாட்சிக்கு வரவில்லை. அக்டோபரில் ஒரு விடியற்காலையில் சுட்டுக் கொன்றார்கள். வயது 25.

"சுட்டவங்களும் அவர் கூட இருந்த சிப்பாய்ங்கதானே சார்?" என்று ஒரு மாணவி கேட்டாள். ஆம், அவர் நாட்டுப் படையினர்தான். அதற்குமேல் எனக்குப் பேச்சு வரவில்லை.

இனி குடும்பத்தின் கதை. பாடத்தின் உயிர் இங்கேதான் இருக்கிறது என்பது என் எண்ணம். கெர்ட்ரூடுக்கு ஓய்வூதியம் நிறுத்தப்பட்டது. மூன்று வயது மகளோடு வீட்டை இழந்து, வீட்டுவேலைக்குப் போனார். அவமானத்துக்கு அஞ்சி நடந்ததை மகளிடம்கூடப் பல ஆண்டுகள் மறைத்தார். மகள் கெர்ட்டிக்கு விவரம் தெரிந்தபோது வயது நாற்பது. ஆனால் தெரிந்தபின் அவர் ஓயவில்லை. 1993இல் பிரதமர் ஜான் மேஜர் பொதுமன்னிப்புக் கோரிக்கையை மறுத்தார். அதே ஆண்டு தாயும் காலமானார். மகளும் பேத்தியும் விடாமல் உயர்நீதிமன்றம்வரை போனார்கள். 2001இல் ஸ்டாஃபோர்ட்ஷயரில், இப்படிச் சுடப்பட்டவர்களுக்காக எழுப்பிய நினைவிடத்தைத் திறந்துவைத்தவர் கெர்ட்டிதான். 2006இல் 306 வீரர்களுக்கு மன்னிப்பு வழங்கிச் சட்டம் வந்தபோது அவருக்கு வயது 93.

இதில் ஒரு சிக்கல் உண்டு, அதை விட்டுவிடாதீர்கள். அந்தச் சட்டம் மன்னிப்புத் தந்ததே தவிர, பழைய தீர்ப்பை ரத்து செய்யவில்லை. இதைக் கரும்பலகையில் எழுதி, வகுப்பை இரண்டாகப் பிரித்து விவாதிக்கச் சொல்வேன். மணி அடித்த பிறகும் பிள்ளைகள் விடுவதில்லை. அடுத்த பாடவேளை ஆசிரியர் வாசலில் நின்று சிரிப்பார்.