எதிரேறிய ஏடும் இடையில் நின்ற கதைகளும்
(வெள்ளி விழாவில் ஆற்றிய உரை)



நம் கல்விச் சங்கத்தின் இருபத்தைந்தாம் ஆண்டு விழாவில் ‘கல்வியின் சிறப்பு’ என்னும் பொருள் பற்றிப் பேசுமாறு பணித்தார்கள். அதனை வகுப்பறையில் நெடுங்காலமாகப் பேசி வருகிறோம். கேட்ட பிள்ளைகள் பாவம். இன்று வேறொன்று பேச இசைவு தாருங்கள். தொலைந்த கதைகளையும் பாதியில் நின்ற கதைகளையும் சுமந்துகொண்டு திரியும் ஓர் ஏட்டைப் பற்றியது அது.

நாங்கள் சிறுவராயிருந்தபோது எங்கள் அப்பாயி இரவில் கதை சொல்வார். நடவுக் காலத்தில் எந்தக் கதையும் முடியாது. விடியுமுன் வயலில் இறங்க வேண்டியவருக்குக் கண் தானே மூடிக்கொள்ளும். மறுநாள், “மீதி எங்கே அப்பாயி?” என்று கேட்டால், “மீதிய ஏடு கொண்டுபோயிடுச்சுடா. ஆத்துல ஒரு ஏடு சுத்திக்கிட்டே இருக்கு. யாரும் முடிக்காத கதையெல்லாம் அதுல போய் ஒட்டிக்கும்” என்பார். அரசலாற்றங்கரையில் நின்று அந்த ஏட்டைத் தேடியதுண்டு. ஆகாயத்தாமரையும் வாழைமட்டையும் மிதந்து வந்தன; ஏடு வரவில்லை.

பின்னாளில் தமிழ்ப் பாடம் படித்தபோது அந்த ஏட்டின் ஊர் தெரிந்தது. மதுரையில் சம்பந்தருக்கும் சமணருக்கும் நடந்த வாதில், சம்பந்தர் வைகையில் இட்ட ஏடு வெள்ளத்தை எதிர்த்து ஏறிச் சென்றதாகப் பெரிய புராணம் கூறும். அது கரையேறிய இடம் திருவேடகம். எழுத்தறியாத அப்பாயியின் காதுவரை அந்த ஏடு எப்படியோ வந்து சேர்ந்து, வரும் வழியில் கதைகளைப் பிடிக்கும் ஏடாக மாறியிருக்கிறது. சமயப் பூசலுக்குள் நாம் புகவில்லை. ஒன்றை மட்டும் கேட்கிறோம்: வென்றவர் ஏடு மேலேறியது, நீரோடு போன சமணர் ஏட்டில் எழுதியிருந்தவை என்னவாயின? ஆறு கொண்டுபோவதெல்லாம் கடலுக்குத்தான் வரும். நாம் இருப்பதோ கடற்கரை.

எதிரேறிய ஏடு வேறொன்றும் உண்டு. அதற்குக் கையும் காலும் இருந்தன. அயோத்திதாசப் பண்டிதர் தம் குடும்பச் செய்தியாக எழுதியிருக்கிறார்: அவருடைய பாட்டனார் கந்தப்பன், ஹாரிங்டன் என்னும் ஆங்கிலேயரிடம் பட்லராக வேலை பார்த்தவர், தம் வீட்டில் காத்து வைத்திருந்த திருக்குறள், நாலடி நானூறு ஆகிய ஓலைச் சுவடிகளைத் துரையிடம் கொடுத்தார், அவை எல்லிஸ் துரையின் கைக்குச் சென்றன. குறள் முதன்முதலாக 1812-இல் சென்னையில் அச்சேறியது. சமையற்கட்டில் நின்றவரின் வீட்டில் குறள் இருந்தது என்பதை இளைஞர்கள் ஒரு நிமிடம் நின்று எண்ணிப் பார்க்க வேண்டும்.

இதற்கு ஒரு மறுபக்கமும் உண்டு. குறளை ஆங்கிலத்தில் பெயர்த்து விளக்கம் எழுதத் தொடங்கிய எல்லிஸ், 1819-இல் இராமநாதபுரத்தில் திடீரென இறந்தார். நூல் பாதியில் நின்றது. அவர் விட்டுச் சென்ற காகிதங்கள் மதுரைக் கலெக்டர் வீட்டில் கிடந்து, அடுப்பு மூட்டவும் கோழி வாட்டவும் சமையற்காரருக்குப் பல மாதங்கள் பயன்பட்டதாக வால்டர் எலியட் என்பார் எழுதி வைத்துள்ளார். ஒரு சமையற்கட்டிலிருந்து வந்த சுவடி நூலாயிற்று; இன்னொரு சமையற்கட்டுக்குப் போன காகிதம் சாம்பலாயிற்று. அந்தச் சமையற்காரரைக் குறை சொல்ல நமக்கு மனம் வரவில்லை. அதில் இருப்பது இன்னதென்று அவருக்கு எவர் சொன்னார்?

கந்தப்பனின் பேரரான பண்டிதரின் எழுத்தும் இதே பாடுதான் பட்டது. 1907-இல் ‘ஒரு பைசாத் தமிழன்’ இதழைத் தொடங்கி, இறக்கும்வரை நடத்தினார். அதில் எழுதிவந்த குறளுரை, 1914-இல் அவர் மறைந்தபோது முடிவுறாமல் நின்றுவிட்டது. பழைய இதழ்களைத் திரட்டி, அவர் சிந்தனைகள் பெருந்தொகுதிகளாகப் பாளையங்கோட்டையிலிருந்து வெளிவந்த ஆண்டு 1999. நாங்கள் பி.ஏ. படித்த காலத்தில் அவர் பெயரை ஒருவரும் எங்களுக்குச் சொல்லவில்லை.

இனி நம் பகுதிக்கு வருவோம். நந்தன் கதையைப் பாருங்கள். சுந்தரர் தம் திருத்தொண்டத்தொகையில் அவரை ஒரு சிறு தொடரில் குறித்தார். பன்னிரண்டாம் நூற்றாண்டில் சேக்கிழார் அதனை 37 பாடல்களாக விரித்தார். ஆதனூர்ச் சேரியை அவர் பாடியிருப்பது நம் பிள்ளைகள் தவறாது படிக்க வேண்டிய பகுதி: மாமரத்தில் தொங்கும் பறை, மருத நிழலில் தோலின்மேல் உழத்தி உறங்க வைக்கும் குழந்தை, தென்னையடிப் பொந்தில் நாய்க்குட்டிகள். நேரில் பார்த்தவர் கண் அது. ஆனால் அவரிடம் கொடிய பண்ணையார் இல்லை. வேதியரையும், ஒரே இரவில் பயிர் விளைந்த நாற்பது வேலி நிலத்தையும் சேர்த்தவர் கோபாலகிருஷ்ண பாரதியார். நாகைக்கு அருகே நரிமணத்தில் பிறந்தவர். ஆகவே பண்ணை முறை அவருக்குப் புத்தகத்தில் படித்த செய்தியன்று. இலக்கணப் பிழை உண்டென்று மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை சிறப்புப்பாயிரம் தராது அலைக்கழித்து, பிறகு பாட்டைக் கேட்டு உருகித் தந்தார். அந்தச் சரித்திரக் கீர்த்தனையை அச்சேற்றத் துணை நின்றவர், காரைக்காலில் அதிகாரியாயிருந்த சீசே என்னும் பிரெஞ்சுக்காரர். நந்தன் கதை அச்சு வாகனம் ஏறியதில் நம் ஊருக்கும் பங்குண்டு.

மூவரும் சொன்னார்கள், நந்தன் சொன்னது எங்கே? ‘நாளைப் போவேன்’ என்று சொல்லிச் சொல்லியே திருநாளைப்போவார் என்று பெயர் பெற்றவர் அவர். வேலை முடியாததால் நாளைக்குத் தள்ளிய வாழ்வு! அப்பாயியும் கதையின் மீதியை நாளைக்கென்றுதான் தள்ளினார். நெருப்பில் இறங்கியபின் நந்தன் ஒளியாயினார் என்பர். அயோத்திதாசரோ நந்தனை ஓர் அரசனாகவே எழுதினார். எதையும் இளைஞர்கள் ஆராயாமல் ஏற்கவும் வேண்டா, தள்ளவும் வேண்டா.

அப்பாயி அடிக்கடி சொல்லி நிறுத்திய கதை ஒன்று உண்டு. ஐப்பசி வெள்ளம், கரை உடைகிறது, ஆண்டை வீட்டார் சேரிப் பெண்ணொருத்தியை விளக்கோடு மதகடிக்கு அனுப்புகிறார்கள். “மதகடியில வெளக்கு அணஞ்சுது” என்பார். அதற்கு மேல் சொல்லமாட்டார். தூக்கம்தான் காரணமென்று நாங்கள் நினைத்திருந்தோம். குழந்தைகளுக்குச் சொல்லக்கூடாத முடிவோ என்னும் ஐயம், நாங்களே பிள்ளை பெற்ற பிறகுதான் வந்தது. பி.எட். படிக்கப் போயிருந்தபோது அவர் இறந்தார். அக்கதையைக் கேட்டு எழுதிக்கொள்ள எங்களுக்கு எத்தனையோ விடுமுறைகள் இருந்தன. எழுதவில்லை.

சங்க நூலகத்தின் அலமாரியில் நீளமான நோட்டு ஒன்று இருக்கிறது. வெள்ளி விழாவை ஒட்டி நம் மாணவ மாணவியர் தெருத் தெருவாகச் சென்று கேட்டு எழுதியவை அதில் உள்ளன. முதற்கதை, விளக்கு அணைவது வரையில், எங்கள் கையெழுத்தில் இருக்கிறது. அதன்பின் இரண்டு பக்கங்களை வெற்றாக விட்டிருக்கிறோம். சென்ற மாதம் அதைப் படித்துக் காட்டியபோது, பின்வரிசையில் இருந்த பெரியம்மா ஒருவர் எழுந்து, “அந்தப் பொண்ணு பேரு ஒங்களுக்குத் தெரியாது, எனக்குத் தெரியும். நடவு முடியட்டும், வா தம்பி, சொல்றேன்” என்றார். நடவு இந்த வாரம் முடிகிறது. வரும் ஞாயிறு காலை ஒன்பது மணிக்கு அவர் வீட்டுத் திண்ணைக்குப் போகிறோம். எழுதுகோலோடு வரக்கூடியவர்கள் கூட்டம் முடிந்ததும் பெயர் கொடுங்கள்.