வீட்டு நாயைப் பாதுகாப்பாகக் குளிப்பாட்டி உண்ணி எடுப்பது எப்படி?

(கூட்டமைப்பின் மாதாந்திரக் கூட்டத்தில் கள ஒருங்கிணைப்பாளர் பேசியதன் எழுத்து வடிவம்)



சேமிப்பு, கடன், தணிக்கை என்று பேசுகிற கூட்டத்தில் இன்றைக்கு நாயைப் பற்றியா என்று சிலர் சிரிக்கிறீங்க. குழுக் கடனில் வாங்கின ஆட்டுக்கு ராத்திரி காவல் யாரு? நம்ம நாய்தான். அதைக் கட்டிப்பிடிச்சு விளையாடுறது நம்ம பிள்ளைங்கதான். அதனால் நாயின் சுத்தம் நம் குடும்பத்தின் சுகாதாரம்.

முதலில் ஒரு கேள்வி. உங்க நாய்க்கு வெறிநோய்த் தடுப்பூசி போட்டாச்சா? குட்டிக்கு மூன்று மாத வயதில் முதல் ஊசி. அடுத்தது கால்நடை மருத்துவர் சொல்கிற நாளில். அப்புறம் வருஷா வருஷம் போடணும்.

பிடிக்கும் முறை: இந்த வேலையைப் பெரியவங்கதான் செய்யணும், பிள்ளைங்ககிட்ட விடக்கூடாது. சாப்பிடும்போதும், குட்டிக்குப் பால் கொடுக்கும்போதும், உடம்பு முடியாமல் படுத்திருக்கும்போதும் தொடாதீங்க. பக்கவாட்டில் உட்கார்ந்து மெதுவா தடவிக் கொடுத்து ஆரம்பிங்க. உடம்பு விறைச்சாலோ, உதட்டைத் தூக்கினாலோ, உறுமினாலோ நிறுத்திடுங்க. உறுமினதுக்கு அடிக்காதீங்க. அடி வாங்கின நாய் அடுத்த தடவை உறுமாமலே கடிக்கும்.

குளியல்: முதலில் சீப்பால் வாரி சிக்கு எடுங்க. வெயில் ஏறின பிறகு, வெதுவெதுப்பான தண்ணீரைக் கழுத்திலிருந்து வால் வரைக்கும் ஊத்துங்க. முகத்தை ஈரத்துணியால் துடைச்சால் போதும். காதுக்குள் தண்ணி போகக்கூடாது, குச்சியும் விடக்கூடாது. துணி சோப்பும் நாம் போடுற ஷாம்புவும் அதன் தோலை வறட்சியாக்கி அரிப்பைக் கொடுக்கும். நாய்க்கென்று விற்கிற ஷாம்பு வாங்குங்க. நுரை துளியும் இல்லாமல் அலசுங்க. இரண்டு மூன்று வாரத்துக்கு ஒரு தடவை குளிப்பாட்டினால் போதும்.

உண்ணி: காது, கழுத்து, விரல் இடுக்கு, வாலுக்கு அடியில் பாருங்க. கையில் உறையோ பாலிதீன் பையோ மாட்டிக்கிட்டு, சின்ன இடுக்கியால் தோலை ஒட்டிப் பிடிச்சு நேராக இழுங்க. விரலால் நசுக்காதீங்க. சோப்புத் தண்ணியில் போடுங்க.

நிறையப் பேர் மண்ணெண்ணெய், ஃபினாயில் தடவுறோம். அது தோலைப் புண்ணாக்கும். நாய் தன் உடம்பை நக்கும்போது வயிற்றுக்குள்ளும் போகும், உயிருக்கே ஆபத்து. மாட்டுக்கு வாங்கின உண்ணி மருந்தைக் குத்துமதிப்பாகக் கலந்து ஊத்துவதும் வேண்டாம். எடை பார்த்து மருத்துவர் சொல்கிற அளவுதான் சரி. பூனை வளர்க்கிறவங்க அதையும் அவரிடம் சொல்லுங்க. நாய்க்குப் போடுகிற சில மருந்துகள் பூனையைக் கொன்றுவிடும்.

எடுத்தாலும் எடுத்தாலும் உண்ணி வருதேன்னு கேட்பீங்க. வயிறு நிறைஞ்ச பெண் உண்ணி கீழே விழுந்து, சுவர் வெடிப்பிலும் சாக்கு மடிப்பிலும் ஆயிரக்கணக்கில் முட்டை வைக்கும். அதனால் நாய் படுக்கிற சாக்கைக் கொதிநீரில் முக்கிக் காயப்போடுங்க, வெடிப்பைப் பூசுங்க. உண்ணியால் காய்ச்சலும் வரும். நாய் சாப்பிடாமல் சோர்ந்திருந்தாலோ, ஈறு வெளுத்தாலோ, மூக்கில் ரத்தம் வந்தாலோ உடனே கால்நடை மருந்தகம் போகணும்.

கடித்துவிட்டால்: பல்லோ நகமோ பட்ட இடத்தை ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு 15 நிமிஷம் கழுவுங்க. மஞ்சள், சுண்ணாம்பு, மிளகாய்த்தூள் எதுவும் வைக்காதீங்க. அன்றைக்கே ஆரம்ப சுகாதார நிலையமோ அரசு மருத்துவமனையோ போங்க. அங்கே ஊசிக்குக் காசு கிடையாது. "நம்ம நாய்தானே, கீறல்தானே" என்று இருந்துவிடாதீங்க. வெறிநோய் அறிகுறி தெரிந்த பிறகு காப்பாற்றுவது அநேகமாக முடியாத காரியம். கூலி வேலை போகுதேன்னு கடைசி ஊசியை விட்டுவிடவும் கூடாது.

ஒரு வேலை தருகிறேன். ஒவ்வொரு குழுவும் தீர்மான நோட்டில், உறுப்பினர் வீட்டு நாய்கள் எத்தனை, கடைசியாக ஊசி போட்ட தேதி என்ன என்று எழுதுங்க. தேதி இல்லாதவங்க எல்லாரும் ஒரே நாளில் சேர்ந்து மருந்தகம் போவோம். தனியாகப் போகத் தயங்குற அக்காவையும் கூட்டிட்டு வாங்க. அடுத்த கூட்டத்தில் அந்த நோட்டைத்தான் முதலில் பார்ப்பேன்.