மகுடமா, மண்வண்டியா?



அருங்காட்சியகத்தில் ஒரு நாட்டின் வரலாற்றைப் பெரிதும் சொல்வது மன்னர் விட்டுச்சென்ற பொருளா, மக்கள் விட்டுச்சென்ற பொருளா? இதுதான் தலைப்பு. மக்கள் பொருளே என்று சொல்ல நான் வந்திருக்கிறேன்.

எனக்கு முன்னால் பேசிய அம்மையார் வாள் என்றார், மகுடம் என்றார், பொற்காசு என்றார். கடைசியில், "ராஜா பேரை எடுத்துட்டா வரலாற்றுல என்னய்யா மிஞ்சும்?" என்று என்னைப் பார்த்தே கேட்டார். நல்ல கேள்வி. பதில் டெல்லியில் இருக்கிறது. வாங்க, போய்ப் பார்த்துட்டு வந்துடலாம்.

நம்முடைய தேசிய அருங்காட்சியகம் 1949 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கியது. எங்கே? வைஸ்ராய்க்காகக் கட்டிய மாளிகையில்! எதிரணியில் கைதட்டுகிறார்கள். பொறுங்க, கதை முடியலை. 1960 டிசம்பரில் அதற்கென்றே கட்டிய கட்டடத்துக்கு அது குடிபோனது. எந்தத் தெரு? ஜன்பத். வெள்ளைக்காரன் காலத்தில் அந்தத் தெருவுக்குப் பெயர் குயின்ஸ்வே, அதாவது ராணி சாலை. ஜன்பத் என்றால் மக்கள் பாதை. மாளிகையில் பிறந்தது, மக்கள் பாதைக்கு வந்து சேர்ந்தது. தீர்ப்பைத் தெருப்பலகையே எழுதிவிட்டது, நடுவர் அவர்களே! (கைதட்டல்)

உள்ளே போனால் சிந்துவெளிக் கூடம். சுமார் 4500 ஆண்டுகளுக்கு முந்தைய நாகரிகம். நேர்நேராகத் தெரு, சுட்ட செங்கல் வீடு, மூடிய சாக்கடை. (இன்றைக்கும் நம்ம தெருவுல அது திறந்துதான் கிடக்கு, அது வேற விஷயம்.) இவ்வளவும் கட்டினார்களே, அவர்களுடைய ராஜா பெயர் என்ன? ஒரு பெயர்கூடத் தெரியாது. அந்த எழுத்தை எல்லோரும் ஒப்புக்கொள்ளும்படி இன்னும் யாரும் படிக்கவில்லை. இதுதான் அரண்மனை என்று உறுதியாகச் சொல்ல ஒரு கட்டடம் இல்லை. அம்மையார் கணக்குப்படி பார்த்தால் சிந்துவெளிக்கு வரலாறே இருக்கக் கூடாது!

ஆனா இருக்கே. எப்படி? எடைக்கல் சொல்கிறது. சதுரம் சதுரமாக வெட்டிய சின்னக் கல். ஒன்றைப்போல் இரண்டு மடங்கு, நான்கு மடங்கு, எட்டு, பதினாறு என்று வளரும். ஹரப்பாவிலும் மொகஞ்சதாரோவிலும் குஜராத்தின் லோத்தலிலும் அதே கணக்கு. நூற்றுக்கணக்கான மைல் தள்ளியிருக்கிற ஊர்களில் ஒரே எடை என்றால், நாணயம் இருந்தது, நம்பிக்கை இருந்தது, வியாபாரம் இருந்தது என்று அர்த்தம். "அது ராஜா போட்ட சட்டமா இருக்கலாமே" என்பார்கள். இருக்கட்டும். ராஜாவைக் காணோம், கல் மட்டும் சாட்சிக்கு வந்து நிற்குதே!

பக்கத்தில் சுட்ட மண்ணில் செய்த பொம்மை மாட்டுவண்டி. யாரோ ஒரு அப்பா தன் பிள்ளைக்குக் கொடுத்தது. அதைப் பார்த்தால் பெரிய வண்டி எப்படி இருந்தது, சுமையை எப்படி ஏற்றினார்கள் என்று தெரிகிறது. நான் போன அன்றைக்கு ஒரு பையன் அதற்கு முன்னால் அப்படியே நின்றுவிட்டான். அவன் அப்பா, "இதுல என்ன இருக்கு, வா, வாளைப் பாக்கலாம்" என்று கையைப் பிடித்து இழுக்கிறார். சார், அந்த வண்டி 4500 வருஷம் ஓடி அவன்கிட்ட வந்திருக்கு. ரெண்டு நிமிஷம் நிக்க விடக் கூடாதா?

இப்போது என் கடைசிச் சாட்சி. மொகஞ்சதாரோவில் கிடைத்த ஒரு கழுத்து மாலை. தங்கமும் பச்சைக் கல்லும் கோத்தது. சூதுபவள மணி கோத்த ஒரு இடுப்பணியும் கிடைத்தது. இரும்பே தெரியாத காலம் அது. அப்படி ஒரு நீண்ட சூதுபவள மணியில் துளை போட மட்டும் நாள்கணக்கில் ஆகும் என்று, அதே முறையில் துளைத்துப் பார்த்த ஆய்வாளர்கள் சொல்கிறார்கள். துளைத்தவர் பெயர் தெரியாது. கோத்தவர் பெயர் தெரியாது.

1947-இல் நாடு இரண்டானது. மொகஞ்சதாரோ இருந்த மண் பாகிஸ்தானுக்குப் போனது. அங்கே தோண்டி எடுத்த பொருள்கள் பல டெல்லியில் இருந்தன. பங்கு பிரிக்க வேண்டும். சட்டி பானையை எண்ணிப் பிரிக்கலாம். மாலையை எப்படிப் பிரிப்பது? அறுத்தார்கள், ஐயா! கோத்ததை அவிழ்த்து, மணிகளைப் பகிர்ந்து, பாதி இங்கே, பாதி அங்கே. இடுப்பணிக்கும் அதே கதிதான். பாகப்பிரிவினையில் அம்மாவின் தாலிச் சரட்டைப் பாதியாக அறுத்த வீட்டைப் பார்த்திருக்கிறீர்களா? ஒரு நாடே அதைச் செய்தது.

டெல்லியில் அந்தப் பாதி மாலைக்கு முன்னால் நின்று பாருங்கள். இரண்டு வரலாறு தெரியும். கோத்த கையின் வரலாறு ஒன்று, அறுத்த கையின் வரலாறு ஒன்று. கோத்தது மக்கள். அறுத்தது அதிகாரம். எதிரணி உடனே எழுந்து, "பார்த்தீங்களா, ஆட்சி செஞ்சதும் அங்க தெரியுதே" என்று சொல்லும். தெரியத்தான் செய்கிறது. ஆனால் எதில் தெரிகிறது? பெயர் தெரியாத ஒரு தொழிலாளி துளைத்த மணியில்தான் தெரிகிறது! பிரிவினைக் கோப்பில் எத்தனையோ கையெழுத்து இருக்கும். அந்த வலியைக் குழந்தைக்கும் புரியும்படி சொல்வது அந்த அரை மாலைதான்.

ராஜாவின் பொற்காசு ஆண்டைச் சொல்லும், மறுக்கவில்லை. அந்த ஆண்டில் ஜனங்கள் எப்படி வாழ்ந்தார்கள் என்பதை எடைக்கல்லும் மண்வண்டியும் மணியும்தான் சொல்லும். இனிமேல் பிள்ளைகளை எந்த அருங்காட்சியகத்துக்குக் கூட்டிப் போனாலும் சரி, 1851-இல் தொடங்கிய நம்ம எழும்பூருக்கே போனாலும் சரி, மகுடத்தை அவர்கள் தாங்களே பார்த்துக்கொள்வார்கள். அது மின்னும். மின்னாத பொருளுக்கு முன்னால் நீங்கள் கொஞ்சம் நின்று, "இதை யாரு செஞ்சிருப்பா?" என்று ஒரு கேள்வி மட்டும் கேளுங்கள்.

நடுவர் மணியடிக்கிறார். மணிக்காகத்தான் நானும் இவ்வளவு நேரம் வாதாடினேன். தீர்ப்பை மக்கள் பக்கம் தாருங்கள்.