ஒரு மாத்திரை, இரண்டு மருந்து
(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



பத்து நிமிடம் பேசச் சொன்னார்கள். பழைய நினைவுகளை மற்றவர்கள் பேசிவிட்டார்கள். நான் கள்ளக்குறிச்சியில் மருந்துக் கடை வைத்திருப்பவன். எனக்குத் தெரிந்தது மாத்திரை. நம்ம பக்கம் கரும்பு வெட்டுகிறவருக்கு இடுப்பு, கல்வராயன் மலையில் மரவள்ளி மூட்டை தூக்குகிறவருக்கு முழங்கால். அதனால் வலி மாத்திரை பற்றியே பேசுகிறேன்.

2012-இல் நடந்தது. வெள்ளிமலைப் பக்கத்துப் பெரியவர் ஒருவர். டாக்டர் ஐந்து நாளைக்குத்தான் எழுதியிருந்தார். ஒரு மாதம் கழித்துக் காலி அட்டையோடு வந்தார். "தம்பி, இதே குடு. இதுதான் கேக்குது" என்றார். கச்சிராயபாளையம் வழியாகப் போகும் பஸ் கிளம்பிவிடும் என்று அவசரம். கொடுத்தேன். மறுபடி வந்தார், மறுபடி கொடுத்தேன். சீட்டைக் கேட்கவில்லை. அது என் தப்பு. வேறு யாரையும் சொல்வதற்கில்லை.

அந்த மாத்திரைக்குள் இரண்டு மருந்து. ஒன்று டைக்ளோஃபெனாக், வீக்கத்தையும் வலியையும் தணிப்பது. மற்றது டிரமடால், அபின் வகையைச் சேர்ந்தது. வலிச் செய்தியை மூளையிலும் தண்டுவடத்திலும் மட்டுப்படுத்துவது. இரண்டும் வேறு வேறு வழியில் வேலை செய்வதால், சேர்த்துக் கொடுத்தால் குறைந்த அளவே போதும். எலும்பு முறிந்தவருக்கும் அறுவைச் சிகிச்சை முடிந்தவருக்கும் சில நாட்களுக்கு நல்ல மருந்துதான்.

பெரியவர் வலி கூடிய நாளில் மூன்று போட்டார். கணக்குப் பாருங்கள். ஒரு மாத்திரையில் டைக்ளோஃபெனாக் 75 மில்லிகிராம், டிரமடால் 50. பெரியவர்களுக்கு டிரமடாலின் நாள் உச்சவரம்பு 400; 75 வயதைத் தாண்டினால் 300. மூன்று போட்டாலும் 150தான். ஆனால் 150-ஐத் தாண்டக் கூடாத டைக்ளோஃபெனாக் 225 ஆகிவிட்டது! நாம் பயப்படுகிற மருந்து வரம்புக்குள் நிற்க, பழகிய மருந்து தாண்டிப் போய்விட்டது. போதாததற்குப் பெட்டிக் கடையில் வேறு பெயரில் இன்னொரு வலி மாத்திரை. அதுவும் டைக்ளோஃபெனாக்கே.

மலம் தார் மாதிரிக் கறுத்தது. அவர் யாரிடமும் சொல்லவில்லை. மயங்கி விழுந்த பிறகு மலையிலிருந்து இறக்கிக் கொண்டுவந்தார்கள். வயிற்றுப் புண்ணில் இரத்தக் கசிவு. இரத்தம் ஏற்றிப் பிழைத்தார்.

கதை அதோடு முடியவில்லை. மாத்திரையை நிறுத்திய இரண்டாம் நாள் வியர்வை, வயிற்றுப்போக்கு, கால் குடைச்சல், தூக்கமில்லை. "மாத்திர இல்லாட்டி வலி எப்புடிப் பொரட்டுது பாருங்க" என்று அவர் மனைவி அழுதார். வலி மட்டுமல்ல அது. வாரக்கணக்கில் டிரமடாலுக்குப் பழகிய உடம்பு அதைக் கேட்கிறது. அதை வலி என்று நினைத்துத்தான் மனிதர் மறுபடி மறுபடி என் கடைக்கு வந்திருக்கிறார். நெடுநாள் சாப்பிட்டவர்கள் தாமாகச் சட்டென்று நிறுத்தக் கூடாது. டாக்டர் சொற்படி படிப்படியாகக் குறைக்க வேண்டும்.

2014 மார்ச்சில் டிரமடால் ஹெச்-1 பட்டியலுக்குள் வந்தது. டாக்டர் பெயர், நோயாளி பெயர், அளவு எல்லாம் தனிப் பதிவேட்டில் எழுதி மூன்று ஆண்டு வைத்திருக்க வேண்டும். 2018 ஏப்ரலில் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் கீழும் கொண்டுவந்தார்கள். "என்னடா, என்னையே நம்பமாட்டியா?" என்று கோபித்துக்கொண்ட வகுப்புத் தோழர்கள் இரண்டு பேர் முன்வரிசையிலேயே இருக்கிறார்கள்!

குடி விஷயம். கருணாபுரத்தில் 2024 ஜூனில் மெத்தனால் கலந்த சாராயம் 60-க்கும் மேற்பட்ட உயிர்களைக் கொண்டுபோனது. நான் சொல்வது மெத்தனால் இல்லாத சரக்கையும் சேர்த்துத்தான். உடம்பு வலிக்குக் குடித்துவிட்டு, மேலே டிரமடாலும் போட்டால் மூச்சு மெதுவாகிவிடும். தூக்க மாத்திரையோடும் அப்படியே. வீட்டார் தூங்குகிறார் என்று விட்டுவிடுவார்கள். எழுப்பியும் எழாமல், மூச்சு விட்டுவிட்டு வந்தால் உடனே 108-ஐக் கூப்பிடுங்கள்.

தம்பிகளுக்குத் தனியாக ஒன்று. ஜாலிக்கு என்று யாராவது நீட்டினால், டிரமடால் வலிப்பையும் கொண்டுவரும் என்பது நினைவிருக்கட்டும். மனச்சோர்வுக்கு மாத்திரை சாப்பிடுகிறவர்கள் அதை டாக்டரிடம் மறைக்கக் கூடாது. மாத்திரை போட்டுத் தலை கிறுகிறுக்கும்போது வெள்ளிமலை வளைவுகளில் பைக் ஓட்டாதீர்கள். வெயிலில் தண்ணீர் குடிக்காமல் வேலை செய்துவிட்டு டைக்ளோஃபெனாக் போடுவது சிறுநீரகத்துக்கு ஆகாது. டெங்கு சந்தேகம் இருந்தால் தொடவே கூடாது.

அந்தப் பெரியவர் இன்றும் வருகிறார். இப்போது பாராசிட்டமால், முழங்காலுக்குப் பயிற்சி, கையில் ஒரு தடி. வரும்போது வீட்டில் கிடக்கும் எல்லா அட்டையையும் மஞ்சள் பையில் போட்டு எடுத்துவந்து மேசையில் கொட்டுவார். "இதுல எது எதுக்கு அண்ணன் தம்பின்னு பாத்துச் சொல்லு" என்பார். நானும் ஒவ்வொன்றாகத் திருப்பி, சின்ன எழுத்தைப் படித்துச் சொல்வேன். பஸ் போனாலும் போகட்டும் என்று உட்கார்ந்திருப்பார்.