மனையும் மாநகராட்சி வரைபடமும்

(நம் சங்கத்தின் மாதாந்திரக் கூட்டத்தில் ஆற்றிய உரை)

'ஏதாவது உபயோகமாகப் பேசுங்கள்' என்று காரியதரிசி கேட்டுக்கொண்டார். நான் வக்கீல் இல்லை. பௌதிகத்தில் பி.எஸ்ஸி. படித்து, முப்பத்தைந்து வருஷம் சர்க்கார் ஃபைல்களோடு காலம் தள்ளியவன். சட்ட நுணுக்கங்களை உங்கள் வக்கீலிடம் கேட்டுக்கொள்ளுங்கள். எங்கள் குடும்பத்தில் நடந்ததைச் சொல்கிறேன்.

என் அத்திம்பேர் 1974-ல் பம்பாய்ப் புறநகர் ஒன்றில் 500 சதுர கெஜம் மனை வாங்கினார். ரிடையர் ஆனதும் வீடு கட்டுவதாக உத்தேசம். ரிடையரும் ஆனார். பிளானை எடுத்துக்கொண்டு போனால், 1993-ல் அமலுக்கு வந்த திட்ட வரைபடத்தில் அவர் மனையையும் பக்கத்து மனைகளையும் சேர்த்துப் பச்சை வர்ணம் பூசியிருந்தார்கள். விளையாட்டு மைதானமாம்! நிலத்தை எடுத்துக்கொள்ளவும் இல்லை, நஷ்ட ஈடு கொடுக்கவும் இல்லை, கட்டவும் விடவில்லை. வரி ரசீது மட்டும் தவறாமல் அவர் பெயருக்கு வந்தது.

நிலம் நம்முடையது, அதில் கட்டுவதற்கு யாரைக் கேட்க வேண்டும் என்று அத்திம்பேர் கோபப்படுவார். அவர் மனை வாங்கியபோது சொத்துரிமை அடிப்படை உரிமையாகவே இருந்தது. 1978-ல் வந்த 44-வது திருத்தத்தால் அந்த அந்தஸ்து போயிற்று. இன்று இருப்பது 300-ஏ பிரிவு. சட்டத்தின் அதிகாரமின்றி ஒருவருடைய சொத்தைப் பறிக்கக் கூடாது என்பதே அதன் சாரம். இந்தக் கதையில் சட்டத்தின் அதிகாரம் இருந்தது. மகாராஷ்டிரத்தின் 1966-ம் வருஷ நகரமைப்புச் சட்டம்தான் அது.

கட்டுப்பாடே கூடாது என்று நான் சொல்ல மாட்டேன். நம்மில் பலர் குடியிருக்கும் மாட்டுங்கா எப்படி உண்டாயிற்று? 1896-ல் பிளேக் வந்தது. 1898-ல் பம்பாய் இம்ப்ரூவ்மெண்ட் டிரஸ்ட் அமைந்தது. காற்றும் வெளிச்சமும் புகாத நெரிசலான சந்துகளே நோய்க்குக் காரணம் என்று கருதி, 63½ டிகிரி வெளிச்சக் கோணம் என்று ஒரு விதி செய்தார்கள். பள்ளிக்கூட டிரிக்னாமெட்ரிதான்: அந்தக் கோணத்தின் டான்ஜெண்ட் ஏறக்குறைய 2. எதிரே 10 அடி திறந்தவெளி இருந்தால் சுவர் 20 அடிக்கு மேல் போகக் கூடாது. நம் ஜன்னலில் காலை வெயில் விழுவது இந்தக் கணக்கால்தான். 2018-ல் வந்த புதிய விதிகளின்படி, பிரீமியம் கட்டினால் மனையில் கூடுதல் பரப்பு கட்டிக்கொள்ளலாம். பணம் கட்டினால் சூரியன் கோணத்தை மாற்றிக்கொள்வானா என்று எந்த அதிகாரியிடமாவது கேட்க எனக்கு ஆசை.

அத்திம்பேர் விஷயத்துக்கு வருகிறேன். மேற்படி சட்டத்தில் 127-வது பிரிவு என்று ஒன்று உண்டு. வரைபடம் அமலுக்கு வந்து 10 வருஷத்துக்குள் நிலத்தை எடுக்காவிட்டால், சொந்தக்காரர் முறைப்படி நோட்டீஸ் கொடுக்கலாம். குறிப்பிட்ட கெடுவுக்குள் கையகப்படுத்தும் நடவடிக்கை தொடங்காவிட்டால் ஒதுக்கீடு காலாவதியாகும். அப்போது கெடு 6 மாதம். 2015-ம் வருஷத் திருத்தத்துக்குப் பின் 24 மாதம். கவனியுங்கள், பத்து வருஷம் கழிந்ததும் ஒதுக்கீடு தானாக விலகாது. நோட்டீஸ் கொடுத்தாக வேண்டும்.

அத்திம்பேர் நாற்பது கடிதமாவது எழுதியிருப்பார். எல்லாம் அழகான இங்கிலீஷ். 'தயவுகூர்ந்து பரிசீலிக்கவும்' என்ற விண்ணப்பங்கள். ஒன்றுகூட நோட்டீஸ் இல்லை. கவுண்டரில் இருந்த ஒருவரும் அவருக்கு அதைச் சொல்லவில்லை. சர்க்கார் உத்தியோகஸ்தனான எனக்கும் தெரியவில்லை, அதுதான் வெட்கம். 2005-ல் அவர் காலமானார். 2007-ல் என் மருமான் ஒரு வக்கீலைப் பிடித்து, பத்திர நகல்களோடு இரண்டு பக்க நோட்டீஸ் அனுப்பினான். ஆறு மாதம் பதிலே இல்லை. ஒதுக்கீடு போயிற்று.

உங்களில் யாருக்காவது இப்படி மனை இருந்தால், வரைபடத்தில் அதன் மேல் என்ன குறித்திருக்கிறது என்று முதலில் பாருங்கள். ஃபிளாட்காரர்கள் குடிபுகு சான்றிதழைக் கேட்டு வாங்குங்கள். மும்பையில் கட்டட அனுமதியின் முதல் காகிதத்துக்கே 'மறுப்பு அறிவிப்பு' என்றுதான் பெயர். அதை வைத்துக்கொண்டு எல்லாம் சரி என்று இருந்துவிடாதீர்கள். வொர்லியில் காம்பா கோலா வளாகத்தில் ஐந்து மாடிக்கு மேல் அனுமதியில்லாமல் கட்டியவற்றைப் பணம் கொடுத்து வாங்கியவர்களை, முப்பது வருஷம் ஆன பிறகும் சுப்ரீம் கோர்ட் 2013-ல் காப்பாற்றவில்லை.

அத்திம்பேரின் மனையில் இப்போது நாலு மாடிக் கட்டடம் இருக்கிறது. பக்கத்து மனைக்காரர்களும் அதே வழியில் விடுவித்துக் கட்டிவிட்டார்கள். போன மாதம் போயிருந்தேன். மருமானின் பிள்ளை தெருவில் நிறுத்தியிருந்த கார்களுக்கு நடுவே கிரிக்கெட் ஆடிக்கொண்டிருந்தான். "ஏண்டா, வேறு இடம் இல்லையா?" என்றேன். "எங்கே தாத்தா இருக்கு?" என்றான்.